பேசாம போய் உக்காரு

1

பள்ளிக்கூட வாசலில் ஒரு பெண்மணி என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீங்கள் எவ்வளவு தைரியசாலி" என்று சொன்ன நாளிலிருந்து தொடங்குகிறேன். ஜனவரி மாதக் குளிர். பிள்ளைகளை வெளியே விடும் நேரம். அவருடைய மகனும் என் மகள் இனியாவும் ஒரே வகுப்பு, இங்கே பிரான்சில் முதல் வகுப்பு. அதுவரை எங்களுக்குள் வணக்கம் தாண்டிப் பேச்சு இருந்ததில்லை.

"இப்படி ஒரு குழந்தையை வைத்துக்கொண்டு வேலைக்கும் போகிறீர்கள். என்னால் முடியாது."

"எப்படி ஒரு குழந்தை?"

அவர் குரலைத் தாழ்த்தி, ஒரு விரலால் தன் உதட்டைத் தொட்டுக் காட்டினார். "வாய் பேச முடியாத குழந்தை."

(இங்கே நடந்த பிரெஞ்சுப் பேச்சையெல்லாம் எழுத்துத் தமிழில்தான் எழுதுகிறேன். அந்த மொழி எனக்கு இன்னும் எழுத்து மொழிதான்.)

இனியா வெளியே வந்தாள். வீடு வந்து சேரும்வரை அவள் வாய் மூடவில்லை. பள்ளிக்கூடச் சுவரில் ஒரு நத்தை இருக்கிறது, அதற்கு வீடு இருக்கிறது ஆனால் கதவு இல்லை, அப்படியென்றால் திருடன் வந்தால் என்ன பண்ணும், நத்தைக்கு அம்மா உண்டா, நம் வீட்டில் இட்லிப்பொடி தீர்ந்துவிட்டதா. நான் "ம்" கொட்டிக்கொண்டே நடந்தேன்.

மறுநாள் வகுப்பாசிரியையைப் பார்த்தேன். கோபப்படத் தெரியாத, நல்ல பெண்மணி. செப்டம்பரில் வகுப்பு தொடங்கியதிலிருந்து இனியா பேசுவதே இல்லை என்றார். வாசிக்கச் சொன்னால் வரியை விரலால் தொட்டுக் காட்டுகிறாள். பெயர் கூப்பிட்டால் கையை உயர்த்துகிறாள். விளையாட்டு நேரத்தில் சுவரோரம் நிற்கிறாள்.

"நான்தான் அக்டோபரிலேயே உங்களிடம் சொன்னேனே, மதாம்."

சொன்னார்தான். 'திஸ்க்ரெத்' என்று சொன்னார். வீட்டுக்கு வந்து அகராதியைப் பார்த்தேன். அடக்கமானவள், ஆர்ப்பாட்டம் இல்லாதவள். மறுநாள் காலையில் அவருக்கு நன்றி சொன்னேன். புதுச்சேரிக்கு போன் போட்டு அப்பாவிடமும் சொன்னேன். "இனியாவ அடக்கமான பொண்ணுன்னு டீச்சர் சொன்னாங்கப்பா." அப்பா அதைத் தெரு முழுக்கச் சொல்லியிருப்பார்.

2

நான் ஏன் நன்றி சொன்னேன் என்று ஊரில் படித்த உங்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

டீச்சர் வகுப்பை விட்டு வெளியே போனால், லீடர் சாக்பீசை எடுத்துக் கரும்பலகையின் ஓரத்தில் 'பேசியவர்கள்' என்று எழுதிக் கோடு போடுவாள். கீழே பெயர்கள். மறுபடியும் பேசினால் பெயருக்குப் பக்கத்தில் ஒரு பெருக்கல் குறி. டீச்சர் திரும்பி வந்ததும் அந்தப் பெயர்கள் எழுந்து நிற்கும். என்ன பேசினாய் என்று யாரையும் கேட்டு நான் பார்த்ததில்லை. பக்கத்துப் பெண்ணுக்கு மயக்கம் வருகிறது என்று சொன்னவளும் பேசியவள்தான்.

என் பெயர் அந்தப் பலகையில் ஏறியதே இல்லை. ஆண்டு விழாவில் 'நன்னடத்தை'க்கு எவர்சில்வர் டப்பா கொடுத்தார்கள்.

பிறகு பொறியியல் கல்லூரி. கடைசி ஆண்டில் வேலைக்கு ஆள் எடுக்க வந்தவர்கள், "உங்களைப் பற்றி இரண்டு நிமிடம் பேசுங்கள்" என்றார்கள். எனக்கு என் பெயருக்கு அப்புறம் ஒன்றும் வரவில்லை. பலகையில் தினமும் பெயர் வாங்கிய சுமதிக்கு முதல் சுற்றிலேயே வேலை கிடைத்தது. எனக்குத் தகவல் தொடர்புத் திறன் போதாது என்றார்கள். பேசினால் பேர் எழுதினார்கள், பேசாததற்கு வேலை இல்லை என்றார்கள். இடையில் யாரும் வந்து, இனிமேல் பேசலாம் என்று அறிவிக்கவில்லை.

எழுத்துத் தேர்வு வைத்த ஒரு கம்பெனியில் பின்னால் சேர்ந்தேன். மென்பொருளில் எங்கே தப்பு இருக்கிறது என்று சோதித்துச் சொல்லும் வேலை. வரிசையாகப் பட்டியல் போட வேண்டும், ஒவ்வொன்றாக அடித்துக்கொண்டே வர வேண்டும். இங்கேயும் அதே வேலைதான், ஆங்கிலத்தில். பட்டியல் போட்டால் எனக்கு மூச்சு சீராக வரும்.

3

என் கணவர் பிரகாஷ் 'சொல்தா' வீட்டுப் பையன். அவருடைய தாத்தா பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர். அதனால் பரம்பரையாகப் பிரெஞ்சுக் குடியுரிமை. அந்தக் குடியுரிமை உள்ள மாப்பிள்ளைக்கு எங்கள் ஊரில் என்ன மதிப்பு என்று உங்களுக்குத் தெரியும். விமான நிலையத்தில் பெட்டி ஏற்றி இறக்கும் வேலை செய்கிறார், ஷிப்ட் முறையில். நண்பர்களோடு பிரெஞ்சில் படபடவென்று பேசுவார். நடுவில் ஒரு மேசை வந்துவிட்டால், மேசைக்கு அந்தப் பக்கம் யார் இருந்தாலும், "வுய் மதாம், வுய் மெசியே" மட்டும்தான், சரிங்கம்மா, சரிங்கய்யா. ஒரு முறை தொலைபேசிக் கம்பெனிக்காரன் நாங்கள் கேட்காத இணைப்பைத் தலையில் கட்டினான். அதற்கும் வுய்.

"நீங்க இந்த நாட்டுக்காரரு. நீங்களே இப்படின்னா எப்படி?" என்று கேட்டேன்.

"பேப்பர்லதான் இந்த நாட்டுக்காரன். மூஞ்சியில இல்லயே" என்றார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார்.

நான் அதைவிட மோசம். நமக்கு 'நீ', 'நீங்க' இருப்பதுபோல பிரெஞ்சில் 'தூ', 'வூ' உண்டு. வசிப்பு அட்டையைப் புதுப்பிக்கப் போன இடத்தில், பதற்றத்தில், கவுன்ட்டரில் இருந்த அதிகாரியைப் பார்த்து, "என் பேப்பரப் பாத்தியா நீ?" என்று கேட்பதுபோல் கேட்டுவிட்டேன். ரேஷன் கடைக்காரரைக்கூட வாங்க போங்க என்று பேசி வளர்ந்தவள் நான். அவர் பேனாவை மூடி வைத்தார். ஒரு ஆவணம் குறைகிறது என்று சொல்லி வேறு தேதி கொடுத்தார். அந்த ஆவணம் கோப்பில் இருந்தது. இருக்கிறது என்று சொல்ல எனக்கு வாக்கியம் வரவில்லை.

அதிலிருந்து, எங்கே போனாலும் சொல்ல வேண்டிய வாக்கியங்களை முன்கூட்டியே தயார் செய்துகொண்டு போவேன். எதிரில் இருப்பவர் நான் எதிர்பாராத கேள்வி எதையும் கேட்காதவரை அது போதுமானது.

4

பிப்ரவரியில் பள்ளியிலிருந்து கடிதம் வந்தது. மார்ச்சில் ஒரு கூட்டம் வைக்கிறார்கள். தலைமை ஆசிரியை, வகுப்பாசிரியை, பள்ளியின் உளவியலாளர், பெற்றோர். இனியாவை அடுத்த ஆண்டு வேறு ஊரில் உள்ள சிறப்பு வகுப்புக்கு அனுப்புவது பற்றிப் பேசப்படும்.

அந்த வகுப்பைப் பற்றித் தப்பாகச் சொல்ல எனக்கு ஒன்றுமில்லை. அது தேவைப்படும் பிள்ளைகளுக்கு அது நல்ல இடம். ஆனால் நத்தைக்குக் கதவு இல்லையே என்று கவலைப்படுகிற பிள்ளையை, பேச இயலாதவள் என்று காகிதத்தில் எழுதினால், அந்தக் காகிதம் அவள் கூடவே வளரும். அதுதான் எனக்குப் பயம். இங்கே காகிதத்தை எதிர்த்துப் பேச எங்கள் வீட்டில் ஆள் இல்லை.

நான் எனக்குத் தெரிந்ததையெல்லாம் செய்தேன். பேச்சுப் பயிற்சியாளர்களின் எண்களை எடுத்து வரிசையாக அழைத்தேன். எல்லா இடத்திலும் பதிவு செய்த குரல்தான் எடுத்தது: உங்கள் தேவையைத் தெளிவாகப் பேசிப் பதிவு செய்யுங்கள். பேசாத பிள்ளைக்காகப் பேசத் தெரியாத அம்மா, ஒரு கருவியிடம் தெளிவாகப் பேச வேண்டும். பேசினேன். திருப்பி அழைத்த ஒருவர், அடுத்த ஆண்டுதான் இடம் இருக்கிறது என்றார்.

இனியாவையும் விதவிதமாகக் கேட்டேன். கெஞ்சினேன், மிரட்டினேன், கேக் வாங்கித் தருகிறேன் என்றேன். ஒரு நாள் அழுதேன். அவள் என் கன்னத்தைத் துடைத்துவிட்டு, "அம்மா, உனக்கு மூக்கு ஒழுவுது" என்றாள். பள்ளியைப் பற்றிக் கேட்டால் மட்டும் அந்த வாய் பூட்டிக்கொள்ளும்.

5

ஒரு சனிக்கிழமை அவளுக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தேன். என் முகம் அவளுக்குத் தெரியாது, அவள் முகம் எனக்குத் தெரியாது. அதனால்தானோ என்னவோ, கேட்டதும் பதில் வந்தது.

"ஸ்கூல்ல ஏன்டா பேச மாட்ற?"

"தாத்தாதான் சொன்னாரு."

"என்ன சொன்னாரு?"

"பேசாம போய் உக்காருன்னு."

சீப்பு என் கையிலேயே நின்றுவிட்டது. வகுப்பு தொடங்கிய முதல் நாள் காலை. வீடியோவில் அப்பா. இனியா போக மாட்டேன் என்று அழுகிறாள். அப்பா புதுச்சேரியில் எங்கள் உப்பளம் பகுதியிலிருந்து சத்தமாகச் சொல்கிறார்: "அழுவக் கூடாதுடா கண்ணு. பேசாம போய் உக்காரு."

நாம் எத்தனை 'பேசாம' சொல்கிறோம் என்று யோசித்துப் பாருங்கள். பேசாம சாப்பிடு. பேசாம தூங்கு. பேசாம ஒரு ஆட்டோ புடிச்சு வந்திருக்கலாம். பேசாம அந்தப் பச்சைப் புடவையே எடுத்திருக்கலாம். பேசாம அவனையே கட்டிகிட்டிருக்கலாம். இதில் எதிலும் பேச்சே இல்லை. எல்லாவற்றுக்கும் அர்த்தம், யோசிக்காதே, தகராறு பண்ணாதே, சட்டென்று செய்து முடி என்பதுதான். ஒரு காரியத்தை ஒழுங்காகச் செய்வதற்கும் வாயைத் திறக்காமல் இருப்பதற்கும் ஒரே சொல்லை வைத்துக்கொண்டிருக்கிறோம். ஊரில் வளரும் பிள்ளைக்கு எந்த இடத்தில் எது என்று தானாகத் தெரிந்துவிடும். இங்கே வளரும் பிள்ளைக்குத் தமிழ் பேச வீட்டில் இரண்டு பேர், போனில் இரண்டு பேர். அவ்வளவுதான். அவள் அந்தச் சொல்லை உடைத்து, உள்ளே இருந்ததை அப்படியே எடுத்துக்கொண்டாள்.

தப்பு எங்கே இருக்கிறது என்று கண்டுபிடித்தவுடன் என் வேலையில் ஒரு சந்தோஷம் வரும். அது வந்தது. பல வாரங்களுக்குப் பிறகு அன்றைக்குத்தான் பசித்துச் சாப்பிட்டேன்.

6

அப்பாவுக்கு உப்பளத்தில் மைக் செட் கடை. கோயில் திருவிழா, கட்சிக் கூட்டம், காதுகுத்து, சாவு, எல்லாவற்றுக்கும் குழாய் ஸ்பீக்கர் கட்டுவார். ஊரில் பேசிய அத்தனை பேரும் அப்பா கொடுத்த மைக்கில்தான் பேசினார்கள். அப்பா அதில் பேசியது, "அலோ, அலோ, மைக் டெஸ்டிங், ஒன், டூ, த்ரீ" மட்டும்தான்.

அவருக்கு போன் போட்டேன்.

"மொத நாள் ஸ்கூலுக்குப் போகறப்ப இனியாகிட்ட என்னப்பா சொன்ன நீ?"

"என்ன சொன்னேன்? அழுவாத, பேசாம போய் உக்காருன்னேன்."

"அவ அத பேசவே கூடாதுன்னு எடுத்துகிட்டா."

அப்பா வாய்விட்டுச் சிரித்தார். "அடக் கண்றாவியே!" பிறகு சிரிப்பு நின்றது. "அப்பத்துலேர்ந்து இப்ப வரைக்குமா?"

"ஆமாம்பா."

"போன அதுகிட்ட குடு."

இனியா போனை வாங்கினாள்.

"கண்ணு, தாத்தா சொன்னது அந்தப் பேசாம இல்லடா."

"அப்ப எந்தப் பேசாம?"

"அது... சும்மா, பேசாம."

"சும்மா இருன்னாலும் பேசக் கூடாதுதானே தாத்தா?"

பின்னாலிருந்து அம்மா குரல் வந்தது. "நீங்க பேசாம இருங்க. நான் சொல்றேன் அதுக்கு."

நானும் பிரகாஷும் சிரித்து உருண்டோம். அப்பா மட்டும் சிரிக்கவில்லை. "இனிமே ஸ்கூல்ல நெறய பேசு. கத்திப் பேசு. தாத்தாதான் சொல்றேன்" என்றார். குரல் கம்மியிருந்தது. இனியா, "சரி தாத்தா" என்றாள்.

அப்பாவின் குரல் அப்படிப் போய் நான் ஒரு முறைதான் கேட்டிருக்கிறேன். எனக்கு ஒன்பது பத்து வயது இருக்கும். எங்கள் ஊர்த் துணி மில்லை மூடப் போகிறார்கள் என்று மில் வாசலில் கூட்டம். அப்பா மைக் கட்டியிருந்தார், என்னை ஸ்பீக்கர் பெட்டிமேல் உட்கார வைத்திருந்தார். எங்கள் தெரு லூர்து அக்கா பேசிக்கொண்டிருந்தாள். மில்லில் வேலை பார்த்தவள், மேடை ஏறியது அன்றைக்குத்தான். நடுவில் ஒரு போலீஸ்காரர் அப்பாவிடம் வந்து, "பேசாம செட்டக் கழட்டிகிட்டுப் போய்டு. இல்லன்னா செட்டு ஸ்டேஷனுக்கு வரும்" என்றார். அப்பா கழற்றினார். அந்த செட்தான் எங்களுக்குச் சோறு.

லூர்து அக்கா நிறுத்தவில்லை. வெறும் வாயால் பேசினாள். முன்னால் இருந்தவர்கள் அவள் சொன்ன ஒவ்வொரு வாக்கியத்தையும் திரும்பிப் பின்னால் இருந்தவர்களுக்குச் சொன்னார்கள். அவர்கள் அவர்களுக்குப் பின்னால். ஒரு வாக்கியம் ரோடு வரைக்கும் நடந்து போனது. அப்பா ஒயரைச் சுற்றிக்கொண்டே அதைக் கேட்டார். வீட்டுக்கு வந்து அம்மாவிடம், "கழட்டிகிட்டு வந்துட்டேன்டி நானு" என்றார். அந்தக் குரல்தான்.

மில் திறக்கவில்லை, அதையும் சொல்ல வேண்டும். லூர்து அக்கா பிறகு சேதராப்பட்டில் ஒரு கம்பெனியில் அட்டைப்பெட்டி ஒட்டப் போனாள். பேசினால் நடந்துவிடும் என்று நம்பும்படியான எதையும் நான் பார்த்து வளரவில்லை.

7

திங்கட்கிழமை இனியா பேசுவாள் என்று இருந்தேன். வாசலில் ஆசிரியை என்னைப் பார்த்ததும் தலையை அசைத்தார். இல்லை. செவ்வாயும் இல்லை. தாத்தா பூட்டைத் திறந்துவிட்டார், கதவு திறக்கவில்லை. ஒவ்வொரு நாளும் அந்தத் தலையசைப்பைப் பார்ப்பதற்கென்றே ஓடினேன். கூட்டத்து நாள் வந்துவிட்டது.

பிரகாஷுக்கு ஷிப்ட் மாற்ற முடியவில்லை. காலையில் போன் செய்தார். "எதுவும் வளத்தாத. பேசாம கையெழுத்து போட்டுட்டு வா. அவங்களுக்குத் தெரியாததா நமக்குத் தெரியும்?" என்ன சொல்கிறோம் என்று அவருக்கே உறைத்திருக்க வேண்டும். "நான் சொல்ல வந்தது..." என்று இழுத்தார். "புரியுது" என்று வைத்தேன்.

இனியாவை அறைக்கு வெளியே பெஞ்சில் உட்கார வைத்தார்கள். கதவு முழுக்கச் சாத்தவில்லை.

தலைமை ஆசிரியை அறிக்கையைப் படித்தார். பங்கேற்பு இல்லை. வாய்மொழி இல்லை. சத்தமாக வாசித்தல், மதிப்பிட முடியவில்லை. ஆசிரியை தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். உளவியலாளர் இளைஞர், எழுதிக்கொண்டிருந்தார். "நீங்கள் ஏதாவது சொல்ல விரும்புகிறீர்களா, மதாம்?"

இந்தக் கேள்வி நான் எதிர்பார்த்தது. வாக்கியங்கள் தயாராக இருந்தன. எங்கள் மொழியில் ஒரு சொல் இருக்கிறது, அதற்கு இரண்டு அர்த்தம், தாத்தா ஒன்றைச் சொன்னார், குழந்தை மற்றொன்றை எடுத்துக்கொண்டது. மெதுவாக, பிழையில்லாமல் சொல்லி முடித்தேன். உளவியலாளர் நிமிர்ந்து உட்கார்ந்து, "மிகவும் சுவாரஸ்யமாக இருக்கிறது" என்றார். எனக்கு நெஞ்சு லேசானது.

தலைமை ஆசிரியை இரண்டு கைகளையும் கோத்து மேசைமேல் வைத்தார். "நீங்களே சொல்லிவிட்டீர்கள், மதாம். வீட்டு மொழிதான் அவளைக் குழப்புகிறது. இன்றிலிருந்து வீட்டில் பிரெஞ்சு மட்டும் பேசுங்கள். தாத்தாவோடு பேசுவதையும் கொஞ்ச காலம் நிறுத்தி வையுங்கள். செப்டம்பரில் சிறப்பு வகுப்பு. இரண்டும் சேர்ந்தால் முன்னேற்றம் இருக்கும்." காகிதத்தை என் பக்கம் திருப்பினார்.

நான் கண்டுபிடித்துக் கொண்டுபோன சாட்சி, எனக்கு எதிராக எழுந்து நின்றது.

எனக்குப் பிரெஞ்சில் கொஞ்சத் தெரியாது. பிரெஞ்சில் திட்டத் தெரியாது. வயிற்று வலியில் அழுகிற பிள்ளைக்குப் பிரெஞ்சில் என்ன சொல்வது? அவளுக்குக் கவுன்ட்டரில் நிற்கிற அம்மா ஒருத்திதான் மிஞ்சுவாள், முன்கூட்டித் தயார் செய்த வாக்கியங்களோடு. நத்தையைப் பற்றி அவள் யாரிடம் சொல்வாள்? பள்ளியில் வாய் இல்லை என்று சொல்லி வீட்டில் இருக்கிற வாயையும் கேட்கிறார்கள்.

பேனாவைக் கையில் எடுத்திருந்தேன். அது உண்மை. எழுதியும் இருப்பேன்.

"நோன்" என்றேன், முடியாது என்று.

மூவரும் பார்த்தார்கள். இதற்குமேல் தயார் செய்த வாக்கியம் எதுவும் இல்லை. என் மகள் ஊமை இல்லை என்று சொல்ல வேண்டும். ஊமைக்கு அவர்கள் சொல்லும் சொல்லில், உதட்டைக் குவித்துக்கொண்டு 'ஈ' சொல்வதுபோல ஒரு ஒலி வரும். நம் நாக்கில் அது 'ஊ' என்றுதான் விழும். சொன்னேன். ஆசிரியை சட்டென்று உதட்டைக் கடித்தார். தலைமை ஆசிரியையால் அடக்க முடியவில்லை, சிரித்துவிட்டார். உளவியலாளரும் சிரித்தார். கெட்ட சிரிப்பு இல்லை, ஆனால் சிரிப்புதான். என் மகள் ஊமை இல்லை என்பதற்குப் பதிலாக, என் மகள் கடலோரம் பறக்கிற வெள்ளைப் பறவை இல்லை என்று சொல்லியிருக்கிறேன்.

மறுபடியும் சொன்னேன். மறுபடியும் பறவைதான் வந்தது. "அவள் பேசுகிறாள்" என்றேன். "வீட்டில் நாள் முழுக்கப் பேசுகிறாள். தமிழில் பேசுகிறாள். தமிழ் நிற்காது. அவள் இந்த வகுப்பில் இருப்பாள். நான் கையெழுத்துப் போடவில்லை." ஆண்பால் பெண்பால், காலம், எல்லாம் தப்பு. குரல் வேறு கிறீச்சிட்டது. நிறுத்தாமல் சொன்னேன், நிறுத்தினால் மறுபடி தொடங்க எனக்கு வராது.

தலைமை ஆசிரியை காகிதத்தைத் திரும்ப எடுத்துக்கொண்டார். "உங்கள் சம்மதம் இல்லாமல் நாங்கள் அனுப்ப முடியாது, மதாம். அதுதான் விதி" என்றார், வானிலை சொல்வதுபோல.

எனக்கு அந்த விதி தெரியாது. இத்தனை வாரம் அவர்கள் முடிவு செய்வார்கள், எனக்குத் தெரிவிப்பார்கள் என்று நினைத்துச் செத்துக்கொண்டிருந்தேன். என் வாயிலிருந்து ஒரு சொல் வராமல் அது நடக்காது என்று ஒருவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

"ஜூனில் மறுபடி கூடுவோம்" என்றார். "அதுவரை அவள் இப்படியே இருந்தால், உங்கள் மறுப்பு உங்களுக்கா, அவளுக்கா என்று யோசியுங்கள்."

இதை எழுதும்போதும் யோசித்துக்கொண்டுதான் இருக்கிறேன். நான் செய்தது தப்பாகவும் இருக்கலாம். ஜூன் வரைதான் அவகாசம். எங்கள் கையில் மருந்து கிடையாது, பயிற்சியாளர் கிடையாது. வேண்டாம் என்று சொல்லிவிட்டு வெறுங்கையோடு வெளியே வந்தேன்.

8

இனியா பெஞ்சிலிருந்து இறங்கி என் கையைப் பிடித்துக்கொண்டாள். பள்ளியின் கேட்டைத் தாண்டும்வரை பேசவில்லை. தெருமுனை திரும்பியதும் கேட்டாள்.

"உள்ள ஏன் சிரிச்சாங்க?"

"நான் ஒரு வார்த்தைய தப்பா சொல்லிட்டேன்."

"என்ன வார்த்தை?"

சொன்னேன். அவளுக்குப் பறவை என்று உடனே தெரிந்துவிட்டது. ஆனால் அவள் சிரிக்கவில்லை. என் முகத்தைப் பார்த்துக்கொண்டே நடந்தாள்.

"அப்புறம் வெளிய வந்துட்டியா?"

"இல்லயே. மறுபடியும் சொன்னேன்."

"மறுபடியும் தப்பாவா?"

"தப்பாத்தான்."

நாலு அடி நடந்திருப்போம். "நானும் ஒரு தடவ பேசினேன்" என்றாள்.

நான் நிற்கவில்லை. நின்றால் இவளும் நிறுத்திவிடுவாள் என்று பயமாக இருந்தது. "எப்பம்மா?"

"மொதல்ல. ஸ்கூல் தொறந்தப்ப. கையத் தூக்கி, மிஸ்னு கூப்ட்டேன்."

வீட்டில் நாங்கள் அப்படித்தான் சொல்வோம். மிஸ் என்ன சொன்னாங்க, மிஸ் திட்டினாங்களா. நீங்களும் அப்படித்தான் சொல்வீர்கள். இங்கே அந்தச் சொல் அழகிப் போட்டியில் கிரீடம் வாங்குகிற பெண்ணுக்கு மட்டும்தான். எனக்கு அது ஒரு நாளும் தோன்றவில்லை.

"எல்லாரும் சிரிச்சாங்க. ஒரு பையன் எழுந்து இடுப்புல கை வச்சு இப்படி நடந்து காட்னான். டீச்சரும் கொஞ்சூண்டு சிரிச்சாங்க."

"தாத்தா சொன்னாருன்னு சொன்னியே?"

"அதுவுந்தான்."

"எதுக்கும்மா அன்னிக்கு அவங்களக் கூப்ட்ட?"

"அவங்க ஒரு கேள்வி கேட்டாங்க. வேற யாருக்கும் தெரியல" என்றாள் இனியா. "எனக்கு பதில் தெரிஞ்சிது."